நாரதர் வேஷம் போட்ட எம்.எஸ்.சுப்புலட்சுமி: நாலே கதையோடு சினிமாவை விட்டுப் போனது ஏன்?

ஆரணியில் பட்டுப்புடவை எடுக்கப் போனவர்களுக்கு இது தெரிந்திருக்கும். கடையில் உட்கார்ந்து எம்.எஸ். புளூ வேண்டும் என்று கேட்டால் போதும். நீலத்தில் எத்தனையோ நீலம் இருந்தும், கடைக்காரர் சரியாக அந்த நிறத்தை எடுத்துப் போடுவார். காஞ்சிபுரத்து முத்து செட்டியார் அவருக்காக நெய்து தந்த நிறம் அது. கச்சேரி மேடையில் அவர் அதைக் கட்டி உட்கார, நிறத்துக்கே அவர் பெயர் வந்துவிட்டது.

எம்.எஸ். என்றதும் நம் கண்முன் வருவது அந்த மேடைத் தோற்றம்தான். நீலப் பட்டு, வைர மூக்குத்தி, கொண்டையில் மல்லிகை, பின்னால் தம்பூரா. விடிகாலையில் கோயில் ஒலிபெருக்கியில் கேட்கும் சுப்ரபாதம்.

ஆனா அதுக்கு முன்னாடி இன்னொரு எம்.எஸ். இருந்தார். போஸ்டரில் முகம் வந்த சினிமாக் கதாநாயகி. 1938-இல் முதல் படம், 1947-இல் கடைசிப் படம். தமிழில் நாலு படம். நாலாவது படத்தின் இந்திப் பதிப்பையும் சேர்த்தால் ஐந்து. அதோடு சரி. புகழின் உச்சியில் இருந்தபோது ஸ்டூடியோவை விட்டு வெளியே வந்தவர், மீதி 57 வருஷ வாழ்க்கையில் திரும்பவும் ஒரு படத்தில் நடிக்கவே இல்லை.

அந்த ஒன்பது வருஷத்தில் என்ன நடந்தது? எதற்காக நடித்தார், ஏன் விட்டார்?

மதுரையில் இருந்து வந்த குஞ்சம்மா

1916 செப்டம்பர் 16 அன்று மதுரையில், மீனாட்சி அம்மன் கோயிலை ஒட்டிய தெருவில் பிறந்தார். வீட்டில் கூப்பிடும் பெயர் குஞ்சம்மா. அம்மா சண்முகவடிவு வீணைக் கலைஞர். பாட்டி அக்கம்மாள் வயலின் வாசித்தவர். அண்ணன் சக்திவேல் மிருதங்கம், தங்கை வடிவாம்பாள் வீணை. தேவதாசி மரபில் வந்த குடும்பம். எம்.எஸ். என்ற இரண்டு எழுத்தில் எம் என்பது மதுரை, எஸ் என்பது சண்முகவடிவு. அதாவது இனிஷியல் அம்மாவுடையது. இந்த ஒரு விஷயத்திலேயே அவர் வந்த வீட்டின் கதை அடங்கிவிடுகிறது.

பத்து வயதிலேயே கிராமபோன் தட்டில் குரல் வந்துவிட்டது. இருபது வயதுக்குள் சென்னை வரை பெயர் பரவியது. ஆனால் அந்தக் காலத்தில் அந்த மரபில் பிறந்த ஒரு பெண் எவ்வளவு நன்றாகப் பாடினாலும், வசதியான ஒருவரின் ஆதரவில் வாழ்வதுதான் அவருக்கு விதிக்கப்பட்ட வழி. அப்படி ஒரு வாழ்க்கை தனக்கு வேண்டாம் என்று முடிவெடுத்து எம்.எஸ். மதுரை வீட்டை விட்டுச் சென்னைக்கு வந்தார். அது 1936-ஐ ஒட்டிய காலம்.

அப்போதுதான் அவர் வாழ்க்கையில் தி.சதாசிவம் வருகிறார். ஆனந்த விகடனில் விளம்பரப் பிரிவைப் பார்த்துக்கொண்டிருந்தவர், காங்கிரஸ்காரர், ராஜாஜியின் பக்தர். எம்.எஸ்ஸைவிட 14 வயது மூத்தவர், ஏற்கெனவே கல்யாணமாகி இரண்டு பெண் குழந்தைகளும் இருந்தன. இவருடைய நெருங்கிய நண்பர் அதே பத்திரிகையில் எழுதிக்கொண்டிருந்த கல்கி கிருஷ்ணமூர்த்தி. எம்.எஸ்ஸின் சினிமாக் கதையில் இந்த இரண்டு பேரும் கடைசி வரை வருவார்கள்.

பாடத் தெரிந்தால்தான் ஹீரோயின்

இங்கே ஒரு விஷயத்தைச் சொல்லியாக வேண்டும். இப்போது மாதிரி பின்னணிப் பாடகர் குரலுக்கு நடிகை வாயசைக்கும் வழக்கம் அன்று வேரூன்றவில்லை. 1930களின் தமிழ்ப் படங்களில் கேமரா ஓடும்போதே நடிகர் பாட வேண்டும். பக்கவாத்தியக்காரர்கள் கேமரா கண்ணில் படாமல் ஒதுங்கி உட்கார்ந்து வாசிப்பார்கள். அழகு, நடிப்பு எல்லாம் அப்புறம்தான். குரல் இல்லையென்றால் வேஷம் இல்லை.

அதனால்தான் அந்தக் காலத்தில் கர்நாடக வித்வான்கள் வரிசையாக ஸ்டூடியோ வாசலில் நின்றார்கள். மகாராஜபுரம் விஸ்வநாத ஐயர் நடித்தார், முசிறி சுப்பிரமணிய ஐயர் துக்காராம் ஆனார், பாபநாசம் சிவன் குசேலர் ஆனார். 1935-இல் கே.பி.சுந்தராம்பாளுக்கு 'நந்தனார்' படத்துக்காக ஒரு லட்சம் ரூபாய் பேசியது நாட்டையே வாய்பிளக்க வைத்தது. இந்த அலையில் எம்.எஸ்ஸைத் தேடி சினிமா வந்ததில் ஆச்சரியமே இல்லை.

முதல் படமே ஒரு நெருப்பு: சேவாசதனம்

முதலில் கூப்பிட்டவர் இயக்குநர் கே.சுப்ரமணியம். சமூகப் பிரச்சினைகளைத் துணிந்து படமாக்கியவர். மறு வருஷமே கல்கியின் கதையை 'தியாகபூமி' ஆக எடுத்து, அதை பிரிட்டிஷ் அரசு தடை செய்யும் அளவுக்குப் போனவர். (அந்தப் படத்தின் கதாநாயகி எஸ்.டி.சுப்புலட்சுமி. பெயர் ஒரே மாதிரி இருப்பதால் இரண்டு பேரையும் ஒருவர் என்று நினைப்பவர்கள் இன்றும் உண்டு. வேறு வேறு ஆள்.)

1938-இல் வந்த 'சேவாசதனம்', இந்தி எழுத்தாளர் பிரேம்சந்தின் நாவலைத் தழுவியது. நாவல் ஆனந்த விகடன் வாசகர்களுக்கு ஏற்கெனவே தமிழில் அறிமுகமாகியிருந்தது. கதை இதுதான்: சுமதி என்ற ஏழைப் பெண்ணை வயதான ஒருவருக்குக் கட்டி வைக்கிறார்கள். கணவன் சந்தேகப்பட்டு வீட்டை விட்டுத் துரத்துகிறான். போக்கிடம் இல்லாத பெண் தாசி வீட்டில் போய்ச் சேர்கிறாள். பிறகு அந்த வாழ்க்கையில் இருந்து மீண்டு, ஆதரவற்ற பெண் குழந்தைகளுக்கு ஒரு இல்லம் நடத்துகிறாள்.

கொஞ்சம் யோசிச்சுப் பாருங்க. எந்த வாழ்க்கையில் இருந்து விலகி எம்.எஸ். சென்னைக்கு வந்தாரோ, அதே வாழ்க்கைக்குள் தள்ளப்படும் பெண்ணாகத்தான் முதன்முதலில் திரையில் தோன்றினார். வயது 21. இது தற்செயலா, தெரிந்தே எடுத்த முடிவா என்பது ஒரு பக்கம் இருக்கட்டும். கொட்டகையில் உட்கார்ந்து பார்த்தவர்களில் பலருக்கு அவர் எங்கிருந்து வந்தவர் என்று தெரியும். அப்படித் தெரிந்தவர்கள் முன்னால் அந்த வேஷத்தில் நிற்க ஒரு தைரியம் வேண்டும். எம்.எஸ். என்றாலே அடக்கம், பக்தி என்று மட்டும் பேசும்போது இந்தத் தைரியம் கணக்கில் வராமல் போய்விடுகிறது.

கணவனாக நடித்தவர் எஃப்.ஜி.நடேச ஐயர். திருச்சியில் ரசிக ரஞ்சன சபாவை உருவாக்கியவர், ரயில்வே அதிகாரி, நாடகக்காரர். கடைசியில் மனம் மாறி அவர் பூணூலைக் கழற்றி எறியும் காட்சி அன்றைக்குப் பெரிய பேச்சானது. படம் ஓடியது. பாபநாசம் சிவனின் பாட்டுகள் எம்.எஸ். குரலில் வீடு வீடாகப் போயின. பிரேம்சந்த் மட்டும் இதைப் பார்க்கவில்லை. 1936-லேயே காலமாகிவிட்டார்.

தமிழ் தெரியாத அமெரிக்கர் எடுத்த சகுந்தலை

இரண்டாவது படம் 'சகுந்தலை', 1940. இந்த முறை சதாசிவமே தயாரிப்பில் இறங்கினார். இயக்குநராகப் பிடித்தது எல்லிஸ் ஆர்.டங்கன் என்ற அமெரிக்கரை.

டங்கன் கதையே தனிக் கதை. ஓஹையோ மாநிலத்துக்காரர். கல்லூரியில் உடன் படித்த இந்திய நண்பர் மாணிக்லால் டாண்டனோடு 1935-இல் இந்தியா வந்தவர், கொஞ்ச நாளில் திரும்பிவிடலாம் என்று நினைத்து 15 வருஷம் இங்கேயே தங்கிவிட்டார். 1936-இல் அவர் எடுத்த 'சதி லீலாவதி'தான் எம்.ஜி.ஆருக்கு முதல் படம். இவ்வளவும் தமிழ் பேசத் தெரியாமலேயே. வசனத்தை ஆங்கிலத்தில் விளக்கச் சொல்லிக் கேட்டுக்கொண்டு, நடிகர் முகத்தையும் கேமரா கோணத்தையும் பார்த்து வேலை செய்தார். மேடை நாடகத்தை முன்னால் கேமரா வைத்துப் பிடித்தது போல இருந்த தமிழ்ப் படத்துக்கு, க்ளோசப்பின் ருசியைக் காட்டியவர்களில் அவர் முக்கியமானவர்.

துஷ்யந்தனாக நடித்தவர் ஜி.என்.பாலசுப்ரமணியம், இசை உலகம் ஜி.என்.பி. என்று கொண்டாடிய அதே வித்வான். அவரும் எம்.எஸ்ஸும் சேர்ந்து பாடினால் கூட்டத்துக்குக் கேட்க வேண்டுமா? சிரிப்புக்கு என்.எஸ்.கிருஷ்ணன், டி.ஏ.மதுரம் ஜோடி. குழந்தை பரதனாக வந்தது சதாசிவத்தின் மூத்த மகள் ராதா. வயது ஐந்து. பின்னாளில் எம்.எஸ்ஸின் பக்கத்தில் உட்கார்ந்து பல்லாயிரம் பேர் முன்னால் கூடப் பாடிய ராதா விஸ்வநாதன் இவர்தான்.

படம் வெளிவந்த அதே 1940-இல், ஜூலை 10 அன்று திருநீர்மலை கோயிலில் எம்.எஸ். - சதாசிவம் திருமணம் நடந்தது. மதுரையில் யாருக்குக் கிடைக்காது என்று நினைத்தார்களோ, அந்த மனைவி என்ற இடம் அவருக்குக் கிடைத்தது. அதற்குப் பிறகு எங்கே பாடுவது, என்ன பாடுவது, யாருக்காகப் பாடுவது என்ற முடிவுகள் சதாசிவத்தின் கைக்குப் போயின. எம்.எஸ். அதை மனமுவந்து ஏற்றார் என்றுதான் கூட இருந்தவர்கள் எல்லாரும் சொல்லியிருக்கிறார்கள். இன்றைய கண்ணோட்டத்தில் அது சிலருக்கு உறுத்தும். உறுத்துவதில் தப்பும் இல்லை.

பத்திரிகை தொடங்கப் பணம் வேண்டும்: நாரதர் வந்தார்

இனிதான் பலருக்குத் தெரியாத பகுதி.

1941-இல் தனிநபர் சத்தியாகிரகத்தில் கலந்துகொண்டு கல்கி சிறைக்குப் போனார். ஆனந்த விகடனில் இருந்தும் விலகினார். சதாசிவமும் அங்கே இல்லை. இரண்டு பேரும் சேர்ந்து சொந்தமாக ஒரு பத்திரிகை தொடங்குவது என்று முடிவானது. எழுத ஆள் ரெடி, நிர்வாகத்துக்கு ஆள் ரெடி. கையில் காசு மட்டும் இல்லை.

அந்த நேரத்தில் ஒய்.வி.ராவ் 'சாவித்திரி' படம் எடுத்துக்கொண்டிருந்தார். அதில் எம்.எஸ்ஸுக்கு ஒரு வாய்ப்பு வந்தது. கதாநாயகி வேஷம் இல்லை. சாவித்திரியாக நடிக்க மராத்தி, இந்திப் படங்களில் பிரபலமான சாந்தா ஆப்தேவைப் புனே பக்கமிருந்து கூட்டி வந்திருந்தார்கள். அவர் தமிழ் கற்றுக்கொண்டு தானே பேசி, தானே பாடினார். எம்.எஸ்ஸுக்கு வைத்திருந்தது நாரதர். ஆண் வேஷம்.

இரண்டு படத்தில் கதாநாயகியாக நடித்து, புதிதாகக் கல்யாணம் ஆன 24 வயதுப் பெண். கையில் தம்பூராவைப் பிடித்து, சடைமுடியோடு நாரதராக நிற்க வேண்டும். பெண் ஆண் வேஷம் போடுவது தமிழுக்குப் புதிது இல்லைதான், சுந்தராம்பாள் நந்தனாராகவே நடித்துவிட்டார். ஆனால் சுந்தராம்பாள் ஸ்பெஷல் நாடக மேடையில் வளர்ந்தவர். அங்கே ஸ்திரீபார்ட், ராஜபார்ட் மாற்றிப் போடுவது தினசரி வழக்கம். எம்.எஸ். கச்சேரி மேடையில் வளர்ந்தவர். வேஷம் என்பதே அவருக்குக் கூச்சம். இருந்தும் ஒப்புக்கொண்டார். காரணம் ஒன்றே ஒன்று: அந்தச் சம்பளம் பத்திரிகைக்கு முதல்.

1941 ஆகஸ்ட் 1-இல் 'கல்கி' முதல் இதழ் வெளிவந்தது.

அடுத்து என்ன நடந்தது என்பது தமிழ்நாட்டுக்கே தெரியும். அந்தப் பத்திரிகையில்தான் 'பார்த்திபன் கனவு' வந்தது, 'சிவகாமியின் சபதம்' வந்தது. 1950 முதல் 1954 வரை வாராவாரம் 'பொன்னியின் செல்வன்' வந்தது. வந்தியத்தேவன் குதிரையில் ஏறி வீரநாராயண ஏரிக்கரையில் வருவதற்குப் பல வருஷம் முன்னால், அவனுக்கு வழி போட்டுக் கொடுத்தது ஒரு நாரதர் வேஷம். தியேட்டரில் மணிரத்னம் படம் பார்த்துக் கைதட்டியவர்களில் எத்தனை பேருக்கு இது தெரியும்?

மீரா: மார்பளவுச் சிலையும் உதய்ப்பூர் யானையும்

நாலாவது படம் 'மீரா'. சதாசிவத்தின் சந்திரபிரபா சினிடோன் தயாரிப்பு. திரும்பவும் டங்கன். கதை வசனத்தில் கல்கி இருந்தார். பாட்டு பாபநாசம் சிவன், இசை எஸ்.வி.வெங்கட்ராமன். 'காற்றினிலே வரும் கீதம்' பாட்டை எழுதியதும் கல்கிதான்.

ராணாவாகச் சித்தூர் வி.நாகையா. டி.எஸ்.பாலையா, செருகளத்தூர் சாமா, குழந்தைக் கிருஷ்ணனாகக் குமாரி கமலா. சின்ன வேஷம் ஒன்றில் எம்.ஜி.ஆரும் உண்டு. அப்போது அவர் பெரிய ஹீரோ இல்லை. பின்னாளில் பாரத ரத்னா பெற்ற இரண்டு பேர் ஒரே படத்தில் இருந்தார்கள் என்பது அன்று செட்டில் இருந்த யாருக்கும் தெரிந்திருக்காது.

எம்.எஸ். பயிற்சி பெற்ற நடிகை இல்லை. இது டங்கனுக்கு நன்றாகத் தெரியும். அதனால் நடிப்பை அவரிடம் வலிந்து கேட்காமல், முகத்தின் மேல் விழும் வெளிச்சத்தில் வேலை செய்தார். ஒளிப்பதிவாளர் ஜிதன் பானர்ஜியோடு சேர்ந்து ஒரு உத்தி செய்தார். எம்.எஸ்ஸின் முகத்தை அப்படியே மார்பளவுச் சிலையாக வார்க்க வைத்தார்கள். அந்தச் சிலையை ஸ்டூடியோவில் நிறுத்தி, விளக்கை மேலே, கீழே, பக்கவாட்டில் என்று மாற்றி மாற்றிப் படம் பிடித்துப் போட்டுப் பார்த்தார்கள். எந்தக் கோணத்தில் எந்த வெளிச்சம் அந்த முகத்துக்குப் பொருந்துகிறது என்று முதலிலேயே குறித்து வைத்துக்கொண்டார்கள். பிறகுதான் நிஜமான எம்.எஸ். கேமரா முன்னால் வந்தார். படத்தில் மீரா கண்ணை மூடிப் பாடும்போது முகத்தில் தெரியும் அந்த ஒளி சும்மா வந்தது இல்லை.

வெளிப்புறக் காட்சிகளுக்கு ராஜஸ்தான் போனார்கள். உதய்ப்பூர் மகாராணா அரண்மனையைத் திறந்துவிட்டார். யானை, குதிரை, வீரர்கள் எல்லாம் அசல். துவாரகை, பிருந்தாவனம் வரை யூனிட் போனது. இதெல்லாம் இரண்டாம் உலகப் போர் நடந்துகொண்டிருந்த நேரம் என்பதை மறக்கக் கூடாது. பிலிம் சுருளுக்குக் கடும் தட்டுப்பாடு. ஒரு படம் 11,000 அடிக்கு மேல் போகக் கூடாது என்று அரசு கட்டுப்பாடு வைத்திருந்தது. மூணு மணி நேரத்துக்கு மேல் ஐம்பது அறுபது பாட்டோடு ஓடிய தமிழ் சினிமா, வேறு வழியில்லாமல் இளைத்துச் சீராகியது இந்தக் கட்டுப்பாட்டால்தான்.

1945 தீபாவளிக்கு 'மீரா' வந்தது. போர் முடிந்து சில வாரங்கள்தான் ஆகியிருந்தன. படம் என்ன ஆனது என்பதை எண்ணிக்கையில் சொல்வதைவிட, 'காற்றினிலே வரும் கீதம்' 80 வருஷம் கழித்தும் கல்யாண வீட்டு நாதஸ்வரத்தில் கேட்கிறது என்று சொன்னால் போதும்.

டெல்லிக்குப் போன மீரா

உடனே இந்திக்கு ஏற்பாடானது. இந்தி 'மீரா'வில் மீராவின் பஜனைகள். அவற்றுக்கு வழிகாட்டியவர் வங்காளத்துத் திலீப் குமார் ராய். மொழி தெரியாத எம்.எஸ். ஒவ்வொரு சொல்லின் உச்சரிப்பையும் உட்கார்ந்து கற்றார். இந்த விஷயத்தில் அவர் சமரசமே செய்துகொள்ள மாட்டார். கடைசி வரை எந்த மொழியில் பாடினாலும் அர்த்தமும் உச்சரிப்பும் தெரியாமல் மேடை ஏறியது இல்லை.

1947-இல் இந்திப் படம் வெளியானது. படத் தொடக்கத்தில் சரோஜினி நாயுடு திரையில் தோன்றி எம்.எஸ்ஸை வட இந்திய ரசிகர்களுக்கு அறிமுகப்படுத்துகிறார். இந்தியாவின் கவிக்குயில் என்று பெயர் பெற்றவரே தன் பட்டத்தை இந்தப் பெண்ணுக்கு விட்டுத்தருவதாகச் சொன்னது பெரிய அங்கீகாரம். டெல்லி சிறப்புக் காட்சிக்கு நேருவும் மவுண்ட்பேட்டன் தம்பதியும் வந்தார்கள்.

அதே வருஷம் அக்டோபரில் காந்தியின் பிறந்தநாளுக்காக, அவருக்குப் பிடித்த ஒரு மீரா பஜனையை எம்.எஸ். குரலில் கேட்க விரும்புவதாகச் சென்னைக்குத் தகவல் வந்தது. அந்தப் பாட்டு தனக்குச் சரியாக வராது, வேறு யாராவது பாடட்டுமே என்று சொல்லிப் பார்த்தார்கள். பாடாமல் வெறுமனே வார்த்தைகளைச் சொன்னால்கூட எம்.எஸ். குரலே வேண்டும் என்று பதில் வந்தது. இரவோடு இரவாகப் பதிவு செய்து அனுப்பினார்கள். நாலு மாதம் கழித்து, 1948 ஜனவரி 30 அன்று வானொலியில் காந்தியின் மரணச் செய்தியைத் தொடர்ந்து அதே பாட்டு ஒலித்தது. கேட்டுக்கொண்டிருந்த எம்.எஸ். மயங்கி விழுந்தார்.

1947-க்கு இன்னொரு முக்கியத்துவமும் உண்டு. கோயில்களுக்குப் பெண்களைப் பொட்டுக்கட்டி விடுவதைத் தடை செய்யும் சட்டம் சென்னை மாகாணத்தில் நிறைவேறியது அந்த வருஷம்தான். 'சேவாசதனம்' சுமதியில் தொடங்கிய பெண், நாடே வணங்கும் மீராவாக டெல்லித் திரையில் நின்ற அதே வருஷம்.

அப்புறம் ஏன் நடிக்கவில்லை?

ஒரே காரணம் என்று எதையும் சுட்ட முடியாது. ஆனால் நடந்ததை வரிசையாக வைத்துப் பார்த்தால் ஓரளவு புரிகிறது.

முதலாவது, சினிமா அவருக்கு எப்போதுமே வேறு ஒன்றுக்கான வழியாகத்தான் இருந்தது. முதல் படம் பெயர் தந்தது. நாரதர் பத்திரிகை தந்தது. 'மீரா' அகில இந்தியாவைத் தந்தது. அதற்கு மேல் சினிமாவிடம் கேட்க அந்த வீட்டில் ஒன்றும் மிச்சம் இல்லை.

இரண்டாவது, மீராவுக்குப் பிறகு எந்த வேஷம் போட முடியும்? ஜனங்கள் அவரை மீராவாகவே பார்க்கத் தொடங்கிவிட்டார்கள். அடுத்த படத்தில் ஒரு காதலியாகவோ மாமியாரிடம் திட்டு வாங்கும் மருமகளாகவோ வந்திருந்தால் அந்தப் பிம்பம் அன்றைக்கே உடைந்திருக்கும். விளம்பரத் தொழிலில் இருந்து வந்த சதாசிவத்துக்கு இது புரியாமல் இருந்திருக்காது. 1944-லேயே கஸ்தூர்பா நினைவு நிதிக்காக எம்.எஸ். ஐந்து கச்சேரி செய்து பணம் திரட்டித் தந்திருந்தார். அந்தப் பாதையில் மரியாதை இருந்தது. ஸ்டூடியோ பாதையில் பணம் மட்டும்தான்.

மூன்றாவது, காலமே மாறிவிட்டது. 1940களின் நடுவில் பின்னணிப் பாட்டு வந்து நிலைத்துவிட்டது. இனி கதாநாயகிக்குப் பாடத் தெரிய வேண்டிய கட்டாயம் இல்லை. பாடத் தெரிந்தவர்கள் ஒவ்வொருவராகக் கச்சேரிக்குத் திரும்பினார்கள், எம்.எஸ். மட்டும் இல்லை. ஜி.என்.பி.யும் அப்படித்தான். டங்கனும் 1950-இல் அமெரிக்கா திரும்பிவிட்டார்.

எம்.எஸ்ஸுக்கே நடிக்க ஆசை இருந்ததா? கேமரா முன்னால் நின்றதைவிட மேடையில் உட்கார்ந்ததில்தான் அவருக்கு நிம்மதி என்பது அவர் வாழ்க்கையைப் பார்த்தாலே தெரிகிறது. ஆனால் முடிவு எடுக்கும் இடத்தில் அவர் இருந்தாரா என்ற கேள்வி அப்படியே நிற்கிறது.

பணம் எங்கே போனது?

பிறகு நடந்தவை எல்லாருக்கும் தெரிந்தவை. 1954-இல் பத்ம பூஷண், 1963-இல் எடின்பரோ விழா, 1966-இல் ஐ.நா. சபைக் கச்சேரி, 1974-இல் மகசேசே விருது, 1998-இல் பாரத ரத்னா. கச்சேரி வருமானத்தில் பெரும்பகுதி பள்ளிக்கூடம், ஆஸ்பத்திரி, கோயில் என்று நன்கொடையாகப் போனது. சுப்ரபாத இசைத்தட்டின் உரிமைத் தொகையும் அப்படியே திருப்பதி தேவஸ்தான வேத பாடசாலைக்குப் போனது.

இவ்வளவு சம்பாதித்தவர் வீட்டில் 1970களில் பணமுடை வந்தது என்றால் நம்ப முடிகிறதா? பத்திரிகை கடனில் சிக்கியது. கீழ்ப்பாக்கத்தில் அரசியல் தலைவர்களும் வித்வான்களும் வந்து போன கல்கி கார்டன்ஸ் என்ற பெரிய பங்களாவை விட்டு, சிறிய வீட்டுக்குக் குடிமாறினார்கள். நாரதர் வேஷம் போட்டு எந்தப் பத்திரிகையைத் தொடங்க உதவினாரோ, அதன் கடனுக்கும் எம்.எஸ்ஸின் வீடுதான் ஈடு கொடுத்தது. அந்தக் கஷ்ட காலத்தில் கைகொடுக்கத்தான் திருப்பதி தேவஸ்தானம் அவரைக் கொண்டு பாலாஜி பஞ்சரத்ன மாலை இசைத்தட்டுகளைப் பதிவு செய்தது. சும்மா பணம் கொடுத்தால் அவர்கள் வாங்கியிருக்க மாட்டார்கள் என்பதால் இந்த ஏற்பாடு. பாடச் சொல்லித்தான் கொடுக்க வேண்டியிருந்தது.

1997-இல் சதாசிவம் இறந்தார். அதற்குப் பிறகு எம்.எஸ். மேடை ஏறவில்லை. 2004 டிசம்பர் 11 அன்று, 88-ஆவது வயதில் சென்னையில் காலமானார். 'கல்கி' அச்சு இதழ் 2020 வரை வந்துகொண்டிருந்தது.

தமிழ் 'மீரா' இன்றும் இணையத்தில் பார்க்கக் கிடைக்கிறது. முழுப் படத்துக்கும் பொறுமை இல்லாதவர்கள் தொடக்கப் பகுதியை மட்டுமாவது பார்க்கலாம். கிருஷ்ணன் சிலை முன்னால் குழந்தை மீரா பாடிக்கொண்டிருப்பாள். பாடுவது அதே ராதா, இப்போது பத்து வயது. பாட்டு நிற்காது, கேமரா நெருங்கும், முகம் மாறும். அடுத்த அடியைப் பாடுவது எம்.எஸ்.